உடன்பிறந்தோர் நிழலில் ஒரு குரல்: ஆன் பிரான்டேயின் இரு புதினங்கள்

ஆதியாகமத்தின் இருபத்தேழாம் அதிகாரத்தில் ஒரு கதறல் கேட்கிறது. தம்பி முந்திக்கொண்டு தகப்பனின் ஆசியைப் பெற்றுச் சென்றபின், வேட்டையினின்று திரும்பிய ஏசா, தகப்பனிடம் இருந்தது ஒரே ஓர் ஆசீர்வாதந்தானோ என்று கேட்டு அழுகிறான். நாம் இப்பகுதியைப் பெரும்பாலும் தெரிந்துகொள்ளுதல் பற்றிய கோட்பாட்டிற்குச் சான்றாகவே எடுத்தாளுகிறோம். ரோமர் ஒன்பதாம் அதிகாரம் நம்மை அவ்வழியே அழைத்துச் செல்கிறது. ஆயினும் கோட்பாட்டிற்கு முன்னதாக அங்கே ஒரு வீடு இருக்கிறது. அவ்வீட்டில் இரண்டு பிள்ளைகள் இருக்கிறார்கள். ஒரு பிள்ளைக்குக் கிடைத்துவிட்டதால் மற்றப் பிள்ளைக்கு இல்லை என்னும் கணக்கும் இருக்கிறது.

உடன்பிறந்தவருடைய ஒளியே தனக்கு நிழலாகி, அந்நிழலிலேயே வளர நேர்ந்தவர்கள் உலகில் ஏராளம். அவர்களுட் பெரும்பாலோர் தம் நிலையை எழுதி வைப்பதில்லை. எழுதி வைத்த சிலருள் ஒருவர், இங்கிலாந்தின் யார்க்ஷயர் மாநிலத்தில் ஒரு குருமனையில் வளர்ந்த ஆன் பிரான்டே. 'ஜேன் ஏர்' எழுதிய சார்லட்டின் தங்கை என்றும், 'உதரிங் ஹைட்ஸ்' எழுதிய எமிலியின் தங்கை என்றுமே இலக்கிய வரலாறு நெடுங்காலம் அவரை அறிந்திருந்தது. அவர் எழுதிய 'ஆக்னஸ் கிரே', 'வைல்ட்ஃபெல் மாளிகையின் குடியிருப்பாளர்' என்னும் இரு புதினங்களையும் இக்கட்டுரை ஆராய முற்படுகிறது. அவர் தமக்கையரைவிடச் சிறந்தவர் என நிறுவுவது நம் நோக்கமன்று. நிழலில் வளர்ந்தவரின் சொல்லை அவருடைய சொல்லாகவே கேட்பது எவ்வாறு என்பதே நம் வினா.

1. வீடு இட்ட பெயர்

பேட்ரிக் பிரான்டே என்னும் ஆங்கிலிக்கன் குருவானவருக்கு ஆறு பிள்ளைகள். ஆன் கடைக்குட்டி. 1820ஆம் ஆண்டு ஜனவரி 17ஆம் நாள் பிறந்தார். அவ்வாண்டிலேயே குடும்பம் ஹாவொர்த் என்னும் மலையூர்ச் சபைக்குக் குடிபெயர்ந்தது. 1821இல் தாய் இறந்தார். 1825இல் மூத்த சகோதரியர் இருவரும் அடுத்தடுத்து இறந்தனர். எஞ்சியோர் நால்வர்: சார்லட், பிரான்வெல், எமிலி, ஆன். பெரியம்மா எலிசபெத் பிரான்வெல் அவர்களை வளர்த்தார்.

1826இல் தகப்பனார் மகன் பிரான்வெல்லுக்கு ஒரு பெட்டி மரப்பொம்மைச் சிப்பாய்களை வாங்கி வந்தார். பிள்ளைகள் ஆளுக்கொன்றாக எடுத்துக்கொண்டனர். மூன்றாண்டுகள் கழித்து இதனைக் குறித்து வைத்த சார்லட், தாம் எடுத்தது எல்லாவற்றிலும் உயரமும் அழகும் வாய்ந்ததென்றும், அதற்கு வெலிங்டன் பிரபுவின் பெயரை இட்டதாகவும் எழுதுகிறார். ஆன் எடுத்ததோ அவரைப்போலவே சின்னஞ்சிறியதாய், வேடிக்கையான தோற்றமுடையதாய் இருந்ததாம். அதற்குக் கிடைத்த பெயர், காத்திருக்கும் பையன் என்பது. இது குழந்தை விளையாட்டு. இதில் வஞ்சனை ஏதுமில்லை. ஆனால் ஒரு வீடு தன் பிள்ளைகளுக்கு எவ்வாறு பெயரிடுகிறது என்பதை இதனினும் தெளிவாகக் காட்டும் சான்று வேறில்லை. மூத்தது வெல்லும், கடையது காத்திருக்கும். வெளியுலகம் அப்பிள்ளைகளைக் காணுமுன்னரே வீடு பங்கு பிரித்து முடித்துவிட்டது.

அப்பங்கீடு பின்னும் தொடர்ந்தது. 1835இல் எமிலி ரோ ஹெட் பள்ளிக்குச் சென்று, வீட்டு நினைவால் நோயுற்றுத் திரும்பியபோது, அவ்விடத்தை நிரப்ப அனுப்பப்பட்டவர் ஆன். அங்கு ஆசிரியையாய் இருந்தவர் சார்லட். ஆகவே தங்கை அங்கும் ஆசிரியையின் தங்கையாகவே இருந்தார். அடுத்த ஆண்டில் அவருக்குக் கிடைத்த பரிசும் நன்னடத்தைக்கான பரிசே. 1839இல் ஆன் முதன்முறையாக ஒரு செல்வர் வீட்டில் கவர்னஸ் எனப்பட்ட வீட்டாசிரியை வேலைக்குச் சென்றபோது, அவரிடமிருந்து அறிவார்ந்த கடிதம் வந்திருப்பதாகச் சார்லட் தம் தோழிக்கு வியப்புடன் எழுதினார். அவர் பேசுவதைப் பற்றி மட்டும் தமக்கு அச்சம் உண்டென்றும் சேர்த்துக்கொண்டார். பத்தொன்பது வயதான தங்கை ஒரு நல்ல கடிதம் எழுதியது தமக்கைக்கு வியப்பாயிருந்தது என்பதை நாம் கவனிக்க வேண்டும்.

உண்மையில் நடந்தது என்ன? முதல் வேலை அவ்வாண்டிறுதியிலேயே போயிற்று. ஆயினும் 1840 முதல் 1845 வரை தார்ப் கிரீன் என்னுமிடத்தில் ஆன் ஐந்தாண்டுகள் பணிபுரிந்தார். நான்கு உடன்பிறந்தாருள் அந்நிய வீட்டு வேலையில் இத்துணைக் காலம் நிலைத்தவர் வேறெவருமில்லை. குடும்பத்தின் நம்பிக்கையெல்லாம் எவன்மீது வைக்கப்பட்டிருந்ததோ அந்தப் பிரான்வெல், தங்கையின் பரிந்துரையால் அதே வீட்டில் வேலை பெற்று, 1845இல் அவமானத்துடன் நீக்கப்பட்டான். எனினும் வீட்டில் வழங்கிய பெயர்கள் மாறவில்லை. அவன் வீழ்ந்த மேதை. அவர் சாந்தமான ஆன்.

2. 'ஆக்னஸ் கிரே': குழந்தை என்று எண்ணப்பட்டவள்

ஆனின் முதற்புதினம் இவ்விடத்திலிருந்தே தொடங்குகிறது. ஆக்னஸ் ஓர் ஏழைக் குருவானவரின் இளைய மகள். பிறந்த அறுவருள் பிழைத்தவர் அவளும் அவளுக்கு ஐந்தாறு வயது மூத்த மேரியும் மட்டுமே. ஆகவே அவள் எப்பொழுதும் குழந்தை என்றே எண்ணப்படுகிறாள். தகப்பன் தன் சிறு முதலை ஒரு வணிகனின் கப்பலில் இட்டு இழந்தபின் வீட்டில் எல்லாருக்கும் வேலை கூடுகிறது. ஆக்னசுக்கு மட்டும் வேலையில்லை. உதவ வந்தால், தாயும் தமக்கையும் தாங்களே செய்துகொள்வதாகக் கூறி, இசை பழகவோ பூனைக்குட்டியுடன் விளையாடவோ அனுப்பிவிடுகிறார்கள். தான் வேலைக்குப் போகிறேன் என்று அவள் சொல்லும்போது அவ்வீட்டில் எழுவது சினமன்று, சிரிப்புங் கலந்த வியப்பே.

இப்பகுதியின் நுட்பத்தை நாம் உணர வேண்டும். ஆக்னசை எவரும் வெறுக்கவில்லை, அடிக்கவில்லை, பட்டினி போடவில்லை. மிகுந்த அன்பினாலேயே அவள் ஒன்றுக்கும் உதவாதவளாக ஆக்கப்படுகிறாள். ஒடுக்குதல் கொடுமையின் வடிவில் வந்தால் எதிர்க்கலாம். 'ஜேன் ஏர்' புதினத்தில் ஜேன், தன்னை அடித்த அத்தை மகனை எதிர்த்து நிற்கிறாள். வாசகனும் அவளோடு கொதிக்கிறான். அன்பின் வடிவில் வரும் ஒடுக்குதலுக்கு எதிராக யார்மீது சினங்கொள்வது? சார்லட்டின் கதைத்தலைவிக்குப் பகைவர் இருந்தனர். ஆனின் கதைத்தலைவிக்கு இருந்தது அன்பான குடும்பம். கலைநோக்கில் இரண்டாவதே எழுதுவதற்குக் கடினமானது. ஆன் அதனைக் குரலை உயர்த்தாமல் எழுதியிருக்கிறார்.

வீட்டை விட்டுச் சென்ற ஆக்னஸ் காணும் உலகம் கொடியது. ப்ளூம்ஃபீல்டு குடும்பத்துச் சிறுவன் டாம், பறவைக் குஞ்சுகளைச் சித்திரவதை செய்வதற்கென்றே கூட்டுடன் பெற்று வருகிறான். பெரியவர்கள் அதனை விளையாட்டாய்க் கருதுகின்றனர். தடுக்க வழியில்லையென்று கண்ட ஆக்னஸ், ஒரு பெரிய தட்டைக் கல்லை எடுத்து அக்குஞ்சுகளின்மேல் போட்டு ஒரே நொடியில் அவற்றைக் கொன்றுவிடுகிறாள். இதனைப் படித்தபின்னும் இவ்வாசிரியரைச் சாந்தமானவர் என்னும் ஒரே சொல்லில் அடக்க இயலுமா? இரக்கம் எப்பொழுதும் மென்மையான கையுடன் வருவதில்லை என்பதை அறிந்த மனம் இது.

அருட்பணியாளர்களாகிய நாம் தனியே கருத வேண்டிய அதிகாரம் ஒன்று இந்நூலில் உண்டு. நான்சி பிரவுன் என்னும் ஏழைக் கைம்பெண் கண்நோயால் திருமறையை வாசிக்க இயலாமல், தன் மீட்பைப்பற்றிய ஐயத்தால் வாடுகிறாள். ஹாட்ஃபீல்டு என்னும் குருவானவர் அவளிடம் வந்து, ஆலயத்திற்கு வரவேண்டுமென்று கடிந்துரைத்து, உட்பிரவேசிக்கத் தேடியும் கூடாமற்போகிற கூட்டத்தில் அவளும் ஒருத்தியாயிருக்கலாம் என்கிறார். அவளுடைய பூனையையும் உதைத்துத் தள்ளுகிறார். பின்னர் வரும் உதவி குருவானவர் வெஸ்டன் அமர்கிறார். பூனையை மடியில் ஏறவிடுகிறார். அவள் பேசி முடிக்கும்வரை கேட்கிறார். தேவன் அன்பாயிருக்கிறார் என்பதிலிருந்து தொடங்கி விளக்குகிறார். பூனையை நடத்தும் விதத்திலேயே இரு இறையியல்களையும் காட்டிவிடுவது பெரிய எழுத்தாளருக்கே கைவரும் திறன். இருபதாம் நூற்றாண்டில் ஜார்ஜ் மூர் என்னும் புதின ஆசிரியர் இந்நூலை ஆங்கில உரைநடைக் கதைகளுள் மிகக் குறைவற்றது எனப் போற்றியது சற்று மிகையாகலாம். ஆனால் காரணமற்ற புகழ்ச்சியன்று.

ஆயினும் இந்நூல் பெற்ற வரவேற்பு யாது? ஆன் இதனை எழுதி முடித்து, 1846 ஜூலையில் தமக்கையரின் கைப்பிரதிகளோடு பதிப்பகங்களுக்கு அனுப்பிவிட்டார். சார்லட் 'ஜேன் ஏர்' எழுதத் தொடங்கியது அதற்கடுத்த மாதத்தில்தான். அழகற்ற, ஏழையான வீட்டாசிரியை ஒருத்தியைக் கதைத்தலைவியாக்கும் எண்ணத்தை அக்குடும்பத்தில் முதலில் எழுத்தாக்கி முடித்தவர் தங்கையே. ஆனால் 'ஜேன் ஏர்' 1847 அக்டோபரில் வெளிவந்து நாடெங்கும் பேசப்பட்டது. 'ஆக்னஸ் கிரே' டிசம்பரில், 'உதரிங் ஹைட்ஸ்' நூலின் இரு தொகுதிகளுக்குப் பின் மூன்றாம் தொகுதியாகக் கட்டப்பட்டு வெளிவந்தது. முந்தி எழுதப்பட்டது பிந்தி வந்ததால், மூலம் எதிரொலியாகத் தோன்றிற்று. ஏசாவின் கதை தலைகீழாக நடந்தது எனலாம்.

3. 'வைல்ட்ஃபெல் மாளிகையின் குடியிருப்பாளர்': எடுத்து வைக்கப்பட்ட பங்கு

1848 ஜூனில் வெளிவந்த இரண்டாம் புதினம் மிகப் பெரியது. அதன் துணிவும் பெரியது. ஹெலன் என்னும் பெண், குடிகாரனும் ஒழுக்கங்கெட்டவனுமான கணவன் ஆர்தர் ஹண்டிங்டனிடமிருந்து தன் சிறுமகனைக் காப்பாற்றும்பொருட்டு, இரவோடிரவாக வீட்டை விட்டுச் சென்று, பொய்ப்பெயரில் வாழ்ந்து, ஓவியம் வரைந்து பிழைக்கிறாள். மணமான பெண்ணுக்குத் தனிச் சொத்துரிமையோ பிள்ளைமீது உரிமையோ இங்கிலாந்தின் சட்டத்தில் ஏறக்குறைய இல்லாதிருந்த காலம் அது. குடியின் அழிவை ஆன் தம் வீட்டிலேயே, தமையனின் உருவில் கண்டுகொண்டிருந்தார்.

இப்புதினத்தில், நம் பொருளுக்கு மிக நெருக்கமான ஒரு சிறு காட்சி உண்டு. கதை சொல்லும் கில்பர்ட் மார்க்கம் வீட்டிற்குத் தாமதமாக வருகிறான். தாய் அவனுக்கெனத் தேநீரைப் புதிதாய்த் தயாரிக்கச் செய்கிறாள். தங்கை ரோஸ் அப்பொழுது பேசுகிறாள். தான் தாமதமாக வந்திருந்தால் இவ்வுபசாரம் நடந்திராது என்கிறாள். உணவு மேசையில் நல்ல பண்டம் எது இருந்தாலும், அண்ணனுக்கு இரவுணவுக்கு ஆகும், நீ அதிகம் எடுக்காதே என்று தாய் சைகை காட்டுவாள் என்கிறாள். ரோஸ் அழவில்லை, நகைச்சுவையாகவே பேசுகிறாள். தனக்கு அது வேண்டியதில்லை என்று கில்பர்ட் சொல்கிறான். ஆனாலும் அவ்வழக்கத்தில் வளர்ந்தவன்தான் அவனும். மகனுக்கென்று எடுத்து வைக்கப்படும் பங்கை நம் வீடுகளில் காணாதவர் யார்? ஈசாக்கின் வீட்டில் இருந்த ஒரே ஆசீர்வாதம், மார்க்கம் வீட்டில் நல்ல பண்டமாகியிருக்கிறது. ஹண்டிங்டன் போன்ற ஆண்மக்கள் எங்கிருந்து உருவாகிறார்கள் என்னும் வினாவிற்கு ஆன் தரும் விடையின் ஒரு பாதி இச்சாப்பாட்டு மேசையிலேயே இருக்கிறது. நிழலில் வளர்க்கப்படும் பிள்ளை மட்டுமன்று, வெளிச்சம் முழுவதையும் பெற்று வளர்க்கப்படும் பிள்ளையும் கெட்டுப்போகக்கூடும் என்பது அவர் கண்ட உண்மை.

நூலின் இறையியலும் கருதத்தக்கது. இருபதாம் அதிகாரத்தில் ஹெலன் தன் அத்தையுடன் வாதிடுகிறாள். முடிவில்லாத ஆக்கினை உண்டென்பதற்குச் சான்றாக அத்தை காட்டும் வசனங்களுக்கு எதிராக, எல்லாரும் இறுதியில் மீட்படைவர் என்னும் நம்பிக்கைக்குத் துணைசெய்யும் பகுதிகள் ஏறக்குறைய முப்பதைத் திருமறை முழுவதும் தேடிக் கண்டிருப்பதாக அவள் கூறுகிறாள். நித்தியம் என்று மொழிபெயர்க்கப்படும் கிரேக்கச் சொல் நெடுங்காலம் என்றும் பொருள்படலாம் என்கிறாள். 'ஐயோனியோஸ்' என்னும் சொல்லைப்பற்றி நம் வகுப்பறைகளில் நடக்கும் விவாதத்தை, இறையியற் கல்லூரியின் வாசலை மிதிக்க இயலாத ஒரு பெண் 1848இல் புதினமாக்கியிருக்கிறார். பிற்பகுதியில் ஹெலன், தன்னைச் சீரழித்த கணவனின் மரணப் படுக்கைக்குத் திரும்பி வந்து பணிவிடை செய்கிறாள். மனந்திரும்பாமலே அவன் இறந்தபின்னும், எத்தனை தூய்மையாக்கும் நெருப்பைக் கடந்தாயினும் அவன் ஆத்துமா ஒருநாள் கரைசேரும் என்னும் நம்பிக்கையை அவள் விடுவதில்லை.

இக்கொள்கையை ஏற்பதும் மறுப்பதும் வாசகரின் இறையியலைப் பொறுத்தது. அது எங்கிருந்து வந்தது என்பதே நம் வினா. 1837இல் பள்ளியில் கடும் நோயுற்றபோது ஆன், மொரேவியன் சபையைச் சேர்ந்த ஜேம்ஸ் லா டிரோப் என்னும் போதகரைக் கண்டு பேசினார். ஆன் மீட்பின் சத்தியங்களை நன்கறிந்திருந்தும், அவற்றை நற்செய்தியின் வழியாயன்றி நியாயப்பிரமாணத்தின் வழியாகவே, தேவன் கொடுக்கும் ஈவாயன்றி அவர் கேட்கும் கடமையாகவே கண்டார் என்று அப்போதகர் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார். 1846இல் மூவரும் வெளியிட்ட கவிதைத் தொகுதியில், தெரிந்துகொள்ளப்பட்டோரை நோக்கி ஆன் எழுதிய கவிதை, பிறர் கைவிடப்படுகையில் தான்மட்டும் மகிழ்வது எங்ஙனம் என்று கேட்கிறது. 1848 டிசம்பர் 30ஆம் நாள், எமிலி இறந்து பதினொரு நாட்களே ஆகியிருந்த வேளையில், லிவர்பூலைச் சேர்ந்த டேவிட் தாம் என்னும் போதகருக்கு ஆன் எழுதிய கடிதத்தில், இந்நம்பிக்கையைத் தாம் குழந்தைப் பருவமுதல் நடுக்கத்துடன் பேணி வந்ததாகக் கூறுகிறார்.

குடும்பக் கணக்கில் கடைசியாக எண்ணப்பட்ட பிள்ளை, ஒருவரையும் விட்டுவிடாத ஒரு கணக்கைத் தேவனிடத்தில் தேடியது இயல்பே என்று நமக்குத் தோன்றுகிறது. இது ஊகம், நிறுவ இயலாது. அவர் தம் கொள்கையை வசனங்களைத் தேடிப் படித்தே அடைந்தார் என்பதையும் மறத்தலாகாது. ஆனால் கடைசியில் நிற்பவர்களுக்கு மட்டுமே புலப்படும் வினாக்கள் சில உண்டு.

குறைகளும் உண்டு. ஹெலனின் நாட்குறிப்பு நூலின் நடுவே மிக நீண்டு, கதையின் விறுவிறுப்பைத் தடுக்கிறது. அவளுடைய அறிவுரைகள் சிலவிடத்து மறையுரையாய் ஒலிக்கின்றன. அவளுக்கு ஈடாகும் தகுதி கில்பர்ட்டிடம் இல்லை. 'உதரிங் ஹைட்ஸ்' நூலின் பேராற்றலை இங்குத் தேடுவோர் ஏமாறுவர். எனினும் அதனைத் தேடுவதே தவறு என்பதுதான் இக்கட்டுரையின் வாதம்.

4. நானே ஆக்டன்

சகோதரியர் மூவரும் கர்ரர், எல்லிஸ், ஆக்டன் பெல் என்னும் புனைபெயர்களில் எழுதினர். மூன்று பெயரும் ஒருவரே என்று பலர் எண்ணினர். ஆனின் பதிப்பாளரோ அவருடைய இரண்டாம் புதினத்தைக் கர்ரர் பெல்லின் நூல் என்று அமெரிக்காவில் விற்க முற்பட்டார். இதனை மறுக்க, 1848 ஜூலையில் சார்லட்டும் ஆனும் இரவு ரயிலேறி லண்டனுக்குச் சென்று, சார்லட்டின் பதிப்பாளர் முன் நின்றனர். தாம் ஒருவரல்லர் என்று காட்ட உடலோடு போய் நிற்கவேண்டியிருந்தது.

அதே மாதம் 22ஆம் நாளிட்டு இரண்டாம் பதிப்பிற்கு ஆன் ஒரு முன்னுரை எழுதினார். உண்மையைச் சொல்வதே தம் நோக்கமென்றும், இனிய பொய்களினும் கசப்பான உண்மைகள் சில பயன்தருமென்றும் அதில் கூறுகிறார். எழுதியவர் ஆணா பெண்ணா என்னும் ஆராய்ச்சி வேண்டாம் என்கிறார். பின்பு, ஆக்டன் பெல் கர்ரரும் அல்ல, எல்லிஸும் அல்ல என்று திட்டமாய் அறிவிக்கிறார். அதற்கு அவர் கூறும் காரணமே நம்மை நிறுத்துகிறது: தம் குற்றங்கள் அவர்கள்மேல் சுமத்தப்படலாகாது. தமக்குரிய புகழைக் கேட்டு அவர் நிழலைவிட்டு வெளியே வரவில்லை. தமக்குரிய பழியை ஏற்க வருகிறார். உடன்பிறந்தோரிடமிருந்து பிரிந்து நிற்பதும் உடன்பிறந்தோரை நேசிப்பதும் அந்த ஒரே வாக்கியத்தில் நிகழ்கின்றன. காத்திருந்த பையன் வளர்ந்துவிட்டான்.

5. தமக்கையின் கை

1848 செப்டம்பரில் பிரான்வெல்லும், டிசம்பரில் எமிலியும், 1849 மே 28ஆம் நாள் ஸ்கார்பரோ கடற்கரையூரில் ஆனும் இறந்தனர். எட்டு மாதங்களில் மூன்று அடக்கங்கள். தனித்து நின்ற சார்லட்டின் துயரத்தை அளப்பதற்கு நமக்குக் கோலில்லை. தங்கையின் நூல்களை அவர் கையாண்ட விதத்தைப் பேசுமுன் இதனை நினைவிற்கொள்வது நீதி.

1850 செப்டம்பரில் பதிப்பகத்தாருக்கு எழுதிய கடிதத்தில் சார்லட், தங்கையின் இரண்டாம் புதினம் பேணத்தக்கதாகத் தமக்குத் தோன்றவில்லை என்றும், பொருள் தேர்ந்ததே பிழை என்றும் தெரிவித்தார். அந்நூல் மறுபதிப்பிற் சேரவில்லை. அவ்வாண்டிறுதியில் 'உதரிங் ஹைட்ஸ்', 'ஆக்னஸ் கிரே' ஆகியவற்றின் புதிய பதிப்பிற்கு அவர் எழுதிய வாழ்க்கைக் குறிப்பில், ஆன் எமிலியின் ஆற்றலும் நெருப்பும் இல்லாதவர், ஆனால் அமைதியான நற்பண்புகள் உடையவர், துறவியின் முக்காடு போன்ற ஓர் ஒதுக்கத்தால் மூடப்பட்டவர் என்று வரைந்தார். பின்வந்த தலைமுறைகள் ஆனை அறிந்தது இம்முக்காட்டின் வழியாகவே.

இதனினும் நுண்ணியது கடைசிக் கவிதையின் கதை. தமக்கும் காசநோய் என்று மருத்துவர் கூறிய 1849 ஜனவரியில் ஆன் ஒரு கவிதை எழுதினார். கைப்பிரதியில் அது, கலங்கிய மனத்தைச் சூழ்ந்து மூடும் பயங்கரமான இருளோடு தொடங்குகிறது. பாடுபடுவேனாயினும் பாவஞ்செய்யாதிருக்கவேண்டும் என்று போராடுகிறது. சார்லட் அதனை அச்சிட்டபோது அவ்விருளையும் போராட்டத்தின் பெரும் பகுதியையும் நீக்கிவிட்டார். எஞ்சியது, தேவசித்தத்திற்கு அமைந்து அடங்கும் ஒரு விசுவாசியின் இனிய பாடல். விசுவாசம் அச்சேறியது; விசுவாசத்தின் விலை அச்சேறவில்லை. நீக்கப்பட்டவற்றில்தான் கெத்செமனே இருந்தது.

சார்லட் தீங்கு நினைக்கவில்லை. உலகம் தங்கையைக் கொச்சையானவர் எனப் பழித்ததைக் கேட்டிருந்தார். அப்பழியினின்று அவரைக் காக்க நினைத்தார். தாம் அறிந்த ஆனை, பொம்மைப் பெட்டிக் காலத்திலிருந்து அறிந்த ஆனை, உலகிற்குத் தர நினைத்தார். இங்கேதான் நம் பொருளின் ஆழம் இருக்கிறது. நிழலை வீழ்த்துவது எப்பொழுதும் பொறாமையன்று. நான் உன்னை அறிவேன் என்னும் அன்பே நிழலை வீழ்த்துகிறது. தான் அறிந்ததற்கு மேல் அவரிடத்தில் ஒன்றும் இராது என்று எண்ணும் அன்பு, அவருக்காகப் பேசத் தொடங்கி, அவரைப் பேசாதவராக்கிவிடுகிறது.

விளைவு நீண்டது. 1854இல் வெளியான ஒரு மலிவுப் பதிப்பு, 'வைல்ட்ஃபெல்' நூலின் தொடக்கக் கடிதத்தையும் அதிகாரத் தலைப்புகளையும் வேறு பல பகுதிகளையும் வெட்டியது. அச்சிதைந்த பாடத்தையே பின்வந்த பதிப்புகள் பல பின்பற்றின. முழுமையான ஆய்வுப் பதிப்பு ஆக்ஸ்ஃபோர்டில் 1992இல்தான் வெளிவந்தது. கல்லறைக் கல்லும் விலக்கன்று. தகப்பனாரை மூன்றாம் அடக்கத்தினின்று விடுவிக்க எண்ணிச் சார்லட் தங்கையை ஸ்கார்பரோவிலேயே அடக்கஞ்செய்தார். மூன்றாண்டுகள் கழித்துச் சென்று பார்த்து, கல்லிலிருந்த பிழைகளைக் கண்டு திருத்தச் செய்தார். ஆயினும் இருபத்தொன்பது வயதில் இறந்தவரை இருபத்தெட்டு என்றே அக்கல் இன்றும் குறிக்கிறது. ஹாவொர்த் குருவானவரின் மகள் என்று சொல்லும் அது, அவர் எழுதியவர் என்று சொல்லவில்லை. சரியான வயதைக் குறிக்கும் பலகை நெடுங்காலத்திற்குப் பின்னரே அருகே வைக்கப்பட்டது.

6. நமக்கு

இறப்பதற்கு ஏழு வாரங்களுக்கு முன் ஆன் ஒரு தோழிக்கு எழுதிய கடிதம் எஞ்சியிருக்கிறது. தமக்கு மரண பயமில்லை, ஆனால் தகப்பனாருக்காகவும் சார்லட்டுக்காகவும் மட்டுமன்றி, உலகில் ஏதேனும் நன்மை செய்துவிட்டுப் போகவும் தாம் வாழ விரும்புவதாகக் கூறுகிறார். எளிய திட்டங்கள் பல தம் உள்ளத்தில் உண்டென்றும், அவையெல்லாம் வீணாகித் தம் வாழ்வும் பயனற்றுப் போவதைத் தாம் விரும்பவில்லையென்றும் எழுதுகிறார். முக்காடிட்ட துறவியின் குரலா இது? வேலை முடியாமல் அழைக்கப்படும் ஓர் எழுத்தாளரின் குரல் அல்லவா? ஆயினும் முடிவு நெருங்கியபோது, தைரியமாயிருக்கும்படி தமக்கையைத் தேற்றியவரும் அவரே. அவர் பெற்றிருந்த தன்குரல் அவருடைய அன்பைக் குறைக்கவில்லை.

அருட்பணியாளர்களாகிய நாமும் ஒருவகையில் பதிப்பாசிரியர்களே. அடக்க ஆராதனையில் ஒருவருடைய வாழ்வை ஐந்து நிமிடத்திற் சுருக்குகிறோம். அதில் அவருடைய இருளை நீக்கி இனிமையை மட்டும் அச்சிடுகிறோம். ஞாயிறுப் பள்ளியில் ஒரு பிள்ளையை இன்னாருடைய தம்பியா என்று வரவேற்கிறோம். அண்ணனைப்போல் வரவேண்டும் என்று ஜெபித்தும் அனுப்புகிறோம். சபையில் ஒருவரைச் சாந்தமானவர் என்று புகழ்ந்து, அப்புகழினாலேயே அவரிடம் ஒன்றையும் கேளாதிருக்கிறோம். நம் குருமனைகளிலும் இது நிகழ்கிறது. மூத்த பிள்ளை பிரசங்கியார் ஆவான் என்று தீர்மானித்துவிட்ட வீட்டில், இளைய பிள்ளையின் அழைப்பைக் கேட்கச் செவி எஞ்சுவதில்லை.

இதற்கு மருந்து, இளையவரை உயர்த்தி மூத்தவரைத் தாழ்த்துவதன்று. இலக்கியத் திறனாய்விலும் இன்று அந்த ஆசை தலைகாட்டுகிறது. ஆனே மூவரிலும் பெரியவர் என்று கூறி, சார்லட்டைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவோர் உளர். அது ஆசீர்வாதம் ஒன்றே என்னும் பழைய கணக்கை வேறு பிள்ளையின் பெயரில் எழுதுவதேயாகும். ஆனின் எழுத்து அக்கணக்கையே மறுக்கிறது. ரோஸுக்கு வேண்டியது கில்பர்ட்டின் பங்கன்று, தன் பங்கு. ஆக்னசுக்கு வேண்டியது மேரியின் இடமன்று, ஒரு வேலை. ஆக்டனுக்கு வேண்டியது கர்ரரின் புகழன்று, தன் சொல்லுக்குத் தானே பொறுப்பேற்கும் உரிமை.

ஈசாக்கின் கூடாரத்தில் விடை கிடைக்காமற்போன ஏசாவின் கேள்வியை, ஹாவொர்த் குருமனையின் கடைப்பிள்ளை தம் வழியில் மீண்டும் கேட்டார். தகப்பனிடத்தில் ஆசீர்வாதம் ஒன்றல்ல என்னும் நம்பிக்கையுடன் இரு நூல்களை எழுதி வைத்தார். அவற்றை வெட்டாமலும் ஒப்பிடாமலும் ஒருமுறை வாசிப்பது நாம் அவருக்குச் செய்யும் நீதி. அவ்வாறு வாசிக்கப் பழகியவர்கள், தம் வீட்டிலும் தம் சபையிலும் காத்திருக்கும் பிள்ளைக்குச் செவிகொடுக்கவும் பழகுவர்.